ஆணவக் கொலை: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

சாதி மாறிக் காதலித்ததற்காகவும் மணந்ததற்காகவும் நடக்கும் கொலைகளைப் பற்றிக் கல்லூரிக் கூட்டங்களிலும் கல்யாண வீட்டுத் திண்ணைகளிலும் என்னிடம் கேட்கப்பட்ட கேள்விகளைத் தொகுத்திருக்கிறேன். சில கேள்விகள் அழுதுகொண்டே கேட்கப்பட்டவை, சில சண்டை போட வந்தவர்கள் கேட்டவை. எல்லாவற்றுக்கும் ஒரே அக்கறையோடு பதில் சொல்ல முயன்றிருக்கிறேன்.

முன்பெல்லாம் 'கௌரவக் கொலை' என்றுதானே எழுதினார்கள். ஏன் பெயரை மாற்றினீர்கள்?

'கௌரவம்' என்பது கொன்றவர் சொல்லும் காரணம். அதையே நாமும் கொலைக்குப் பெயராக வைத்தால் அவர் பக்கத்து வாதத்தை நாமே எடுத்துக் கொடுத்ததாகிவிடும். அதனால்தான் சாதி எதிர்ப்பு இயக்கங்கள் 'ஆணவக் கொலை' என்று சொல்லத் தொடங்கின. இப்போது நாளிதழ்களும் அப்படியே எழுதுகின்றன.

எனக்கு இந்தச் சொல் பிடித்துப்போனதற்கு இன்னொரு காரணமும் உண்டு. சைவ சித்தாந்தத்தில் உயிரைப் பிணிக்கும் மூன்று அழுக்குகளான மும்மலங்களில் முதலாவது ஆணவம். இருட்டு பொருள்களை மறைக்கும், ஆனால் தான் இருட்டு என்பதையாவது காட்டிவிடும். ஆணவமோ தன்னையும் காட்டாது என்பார்கள். பெற்ற மகளைக் கொன்றவர், "நான் சாதி பார்க்கிறவன் இல்லீங்க, பிள்ளை மேல உயிரா இருந்தேன்" என்று சொல்லும்போது அவர் நடிப்பதாக எனக்குத் தோன்றுவதில்லை. அவர் அதை உண்மையாகவே நம்புகிறார். பயமே அங்கேதான் இருக்கிறது.

பெற்றவர்கள் ஆத்திரத்தில் நிலைதடுமாறிச் செய்வதுதானே?

ஆத்திரம் இருக்கும். ஆனால் ஆத்திரத்தில் நடக்கும் கொலை நிமிடங்களில் முடிந்துவிடும். இவை நாள்கணக்கில், மாதக்கணக்கில் நடப்பவை.

உடுமலைப்பேட்டையை எடுத்துக்கொள்வோம். 2015 ஜூலையில் திருமணம். 2016 மார்ச் 13 அன்று, பட்டப்பகலில், பேருந்து நிலையத்துக்கு அருகே கணவனும் மனைவியும் வெட்டப்பட்டார்கள். அவன் இறந்தான், அவள் பிழைத்தாள். நடுவில் எட்டு மாதங்கள் ஓடியிருக்கின்றன. அரிவாளோடு வந்தவர்கள் வண்டியில் வந்தார்கள். வண்டி ஏற்பாடு செய்ய வேண்டும், ஆள் பார்க்க வேண்டும், அந்தக் கணவனும் மனைவியும் எந்த நாளில் எந்தக் கடைக்கு வருவார்கள் என்று நோட்டம் பார்க்க வேண்டும். இத்தனையும் ஆத்திரத்தில் நடக்கிற காரியமா?

கடலூர் மாவட்டம் புதுக்கூரைப்பேட்டையில் 2003 ஜூலையில் நடந்தது இன்னும் கொடியது. ரகசியமாகப் பதிவுத் திருமணம் செய்துகொண்ட இருவரையும் தேடிப் பிடித்து ஊருக்குக் கொண்டுவந்து, ஊரார் பார்க்க நஞ்சு புகட்டிக் கொன்று எரித்தார்கள். அத்தனை பேரும் ஒரே நேரத்தில் நிலைதடுமாறினார்கள் என்று சொல்ல முடியாது.

ஒருவர் தேடுகிறார், ஒருவர் தகவல் சொல்கிறார், ஒருவர் கார் தருகிறார், ஒருவர் கதவைச் சாத்திக்கொண்டு வீட்டுக்குள் இருந்துவிடுகிறார். இதில் எந்தக் கண்ணி அறுந்திருந்தாலும் அந்த உயிர் தப்பியிருக்கக்கூடும். நான் இந்தப் பதில்களை எழுத உட்கார்ந்ததே இதைச் சொல்லத்தான்.

பெரியார் பிறந்த மண்ணில் இதெல்லாம் எப்படி நடக்கிறது?

பெரியார் பிறந்த மண் என்பதால்தான் சில கதவுகள் இங்கே திறந்தன. புரோகிதர் இல்லாத சுயமரியாதைத் திருமணத்துக்கு 1967இல் அண்ணா முதலமைச்சராக இருந்தபோது சட்ட ஏற்பு கிடைத்தது. இந்து திருமணச் சட்டத்தில் 7ஏ பிரிவு அப்படி வந்ததுதான். வேறு மாநிலத்துக் காதலர்களுக்கு இல்லாத வசதி அது.

ஆனால் சட்டம் ஒரு பக்கம், பெண் பார்க்கும் படலம் ஒரு பக்கம். 2011-12இல் எடுக்கப்பட்ட இந்திய மனித மேம்பாட்டு ஆய்வின்படி நாடு முழுக்கச் சாதி மாறி மணந்தவர்கள் ஏறத்தாழ 5 விழுக்காடுதான். பெயருக்குப் பின்னால் சாதியைப் போடுவதை நாம் விட்டுவிட்டோம், அது பெருமைப்பட வேண்டிய விஷயம்தான். சாதியைக் கல்யாண மண்டபத்து வாசலில் விட்டுவிட்டு உள்ளே போகிறவர்கள்தான் குறைவு.

இன்னொன்று. தலித் பிள்ளைகள் படித்தார்கள், பொறியியல் கல்லூரிக்குப் போனார்கள், ஒரே பேருந்தில் ஒரே வகுப்பில் உட்கார்ந்தார்கள். நிலத்தில் கூலிக்கு நின்ற குடும்பத்துப் பையன் மருமகனாக வந்து நிற்கும்போது, நிலம் கையை விட்டுப் போன ஆத்திரம், தன் பையனுக்கு வேலை கிடைக்காத ஆத்திரம் எல்லாம் சேர்ந்து வீட்டுப் பெண்ணின் மேல் இறங்குகிறது. தருமபுரியில் 2012 நவம்பரில் ஒரு காதல் திருமணத்தைக் காரணம் காட்டி மூன்று தலித் குடியிருப்புகளை எரித்தார்கள். அங்கே எரிந்ததில் பெங்களூருக்குப் போய் உழைத்துச் சேர்த்த பணத்தில் வாங்கிய பொருள்களும் உண்டு. அந்தப் பொருள்கள்தான் கண்ணை உறுத்தியிருக்கின்றன.

வருடத்துக்கு எத்தனை நடக்கின்றன?

தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் 2014இல்தான் இதைத் தனியாக எண்ணத் தொடங்கியது. நாடு முழுக்க 2014இல் 28, 2015இல் 251, 2016இல் 77 என்று கணக்கு காட்டியது. ஒரே வருடத்தில் இப்படி ஒன்பது மடங்கு ஏறி அடுத்த வருடமே இறங்குவது கொலைகளின் கணக்காகத் தெரியவில்லை. காவல் நிலையங்கள் எழுதிய விதத்தின் கணக்காகத்தான் தெரிகிறது.

ஏனென்றால் பெரும்பாலும் இவை கொலை என்றே பதிவாவதில்லை. 'வயிற்றுவலி தாங்காமல் இளம்பெண் தற்கொலை' என்று ஒரு பத்திச் செய்தியை எத்தனை முறை படித்திருப்போம்! விடிவதற்குள் எரித்துவிடுவார்கள். வெளியூரில் இருக்கும் தோழிக்குச் சொல்லியனுப்ப மாட்டார்கள். பதினாறாம் நாள் காரியத்துக்குப் பிறகு அந்த வீட்டில் அவள் பெயரையே எடுக்க மாட்டார்கள். 2015 ஜூனில் திருச்செங்கோடு மலைக்கோயிலிலிருந்து கடத்தப்பட்ட பொறியியல் பட்டதாரி மறுநாள் ரயில் தண்டவாளத்தில் கிடந்தார், தற்கொலைக் கடிதம் எல்லாம் தயாராக இருந்தது. கோயிலின் கண்காணிப்புக் கேமரா பதிவு மட்டும் இல்லாமல் போயிருந்தால் அதுவும் தற்கொலையாகவே முடிந்திருக்கும். 2022 மார்ச்சில் பத்துப் பேருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது.

கொல்லப்படுவது தலித் ஆண்கள்தானே?

செய்தியில் அதிகம் வருவது அவர்கள். சொந்த வீட்டுக்குள் சத்தமில்லாமல் கொல்லப்படுகிற மகள்கள் செய்திக்கு வருவதில்லை. இடைநிலைச் சாதிகளுக்குள்ளேயும், பட்டியல் சாதிகளுக்குள்ளேயே ஒன்றுக்கொன்று மேல் என்று நினைக்கும் இடங்களிலும் நடக்கிறது. தனக்குக் கீழே என்று ஒரு சாதியைக் கருதும் எந்தச் சாதியும் இதில் விலக்கு இல்லை.

இது இப்போது வந்த வெறியா, எப்போதும் இருந்ததா?

நம் குலசாமிக் கோயில்களுக்குப் போய்ப் பாருங்கள், பதில் அங்கே நிற்கிறது.

மதுரைவீரன் சக்கிலியர் வீட்டில் வளர்ந்தவன். பாளையக்காரர் மகள் பொம்மியை அழைத்துக்கொண்டு போனவன். கடைசியில் மதுரையில் மாறுகால் மாறுகை வாங்கப்பட்டு, அதாவது ஒரு பக்கக் காலும் எதிர்ப்பக்கக் கையும் வெட்டப்பட்டுச் செத்தவன். காத்தவராயன் பார்ப்பனப் பெண் ஆரியமாலையை விரும்பியதற்காகக் கழுவேறினான். முத்துப்பட்டன் கதையில் அவனே பார்ப்பனன். சக்கிலியர் வீட்டு அக்காள் தங்கையான பொம்மக்கா திம்மக்கா மேல் ஆசைப்பட்டுப் பூணூலைக் கழற்றிவிட்டு செருப்புத் தைக்க உட்கார்ந்தவன். பாபநாசம் மலையில் சொரிமுத்தையனார் கோயிலில் இன்றும் அவனுக்குச் செருப்பைக் காணிக்கையாகப் போடுகிறார்கள். காத்தவராயன் கூத்து யாழ்ப்பாணத்திலும் விடிய விடிய ஆடப்படுகிறது.

ஊர் செய்ததைப் பாருங்கள். வாழவிடாதவர்களைச் சாமியாக்கிப் படையல் போட்டது. செத்தவர்கள் சும்மா விடமாட்டார்கள் என்ற அச்சமும் குற்ற உணர்வும் அதில் கலந்திருக்கின்றன என்றே நான் நினைக்கிறேன். அதோடு இன்னொரு வேலையும் நடந்தது. மதுரைவீரன் உண்மையில் காசி ராஜாவின் பிள்ளை, காத்தவராயன் சிவன் பிள்ளை என்று பிறப்புக் கதை ஒட்டிக்கொண்டது. முத்துப்பட்டன் கதையின் சில பாடங்களில் அந்தப் பெண்களே பார்ப்பனக் குழந்தைகளாகிவிடுகிறார்கள். கதைக்குள் நடந்த காதலைக்கூடச் சாதி மாறாத காதலாகத் திருத்திவிட்டுத்தான் கும்பிட முடிந்திருக்கிறது.

என் பாட்டி வருடா வருடம் மதுரைவீரனுக்குப் பொங்கல் வைத்தவள். எங்கள் உறவில் ஒரு அக்கா வேறு சாதியில் கட்டிக்கொண்டபோது, "அவளைச் செத்தவளா நினைச்சுத் தலை முழுகிடுங்க" என்று முதலில் சொன்னவளும் அவள்தான். அந்த அக்கா நல்லபடியாக இருக்கிறாள். ஆனால் பாட்டி சாவுக்கு அவளை வாசலோடு நிறுத்தினார்கள்.

சட்டம் என்ன சொல்கிறது?

பெண்ணுக்கு 18, ஆணுக்கு 21 நிறைந்திருந்தால் யாரை மணப்பது என்பது அவர்கள் முடிவு. பெற்றோர் சம்மதம் என்று ஒன்று சட்டத்தில் இல்லை.

லதா சிங் வழக்கில் 2006இல் உச்ச நீதிமன்றம் சொன்னது எளிமையானது: பிடிக்கவில்லை என்றால் பெற்றோர் உறவை வேண்டுமானால் முறித்துக்கொள்ளலாம், மிரட்டவோ துன்புறுத்தவோ கூடாது. 2011இல் ஆறுமுகம் சேர்வை வழக்கில், இப்படி நடக்கப்போகிறது என்று தெரிந்தும் தடுக்காத அதிகாரிகள் மேல் நடவடிக்கை எடுக்கச் சொன்னது. அது தமிழ்நாட்டு வழக்கு. 2018 மார்ச் 27 அன்று சக்தி வாகினி வழக்கில், மாவட்டந்தோறும் காவல் கண்காணிப்பாளர், சமூக நல அலுவலர், ஆதிதிராவிடர் நல அலுவலர் ஆகியோர் கொண்ட தனிப்பிரிவு, 24 மணி நேர உதவி எண், இணையர் தங்கப் பாதுகாப்பு இல்லம் எல்லாம் வேண்டும் என்று உத்தரவிட்டது.

தனிச்சட்டம் இன்னும் வரவில்லை. கொலைக்கான பிரிவில்தான் வழக்கு போடுகிறார்கள். இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில், ஐந்து பேரோ அதற்கு மேலோ சேர்ந்து சாதி காரணமாகக் கொன்றால் மரண தண்டனை அல்லது ஆயுள் என்று ஒரு பிரிவு இருக்கிறது. பாதிக்கப்பட்டவர் பட்டியல் சாதி என்றால் வன்கொடுமைத் தடுப்புச் சட்டமும் சேரும். 2025 ஜூலையில் நெல்லையில் ஒரு மென்பொருள் பொறியாளர் கொல்லப்பட்ட பிறகு, தனிச்சட்டத்துக்குப் பரிந்துரை செய்ய ஓய்வுபெற்ற நீதிபதி கே.என்.பாஷா தலைமையில் ஆணையம் அமைப்பதாக அக்டோபரில் தமிழக அரசு அறிவித்தது.

தனிச்சட்டம் தேவை என்பதே என் கருத்து. கொலை நடந்த பிறகு தண்டிக்க இப்போதே சட்டம் இருக்கிறது. மிரட்டும்போது, வீட்டில் அடைத்து வைக்கும்போது, ஊர்க்கூட்டம் போட்டு ஒதுக்கி வைக்கும்போது தலையிடுவதற்குத்தான் தெளிவான சட்டம் இல்லை.

நாங்கள் இருவரும் மேஜர். வீட்டில் மிரட்டுகிறார்கள். முதலில் என்ன செய்ய வேண்டும்?

தாலி வாங்குவதற்கு முன்னால் தாள்களைச் சேகரியுங்கள். பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்று, மாற்றுச் சான்று, ஆதார், சாதிச் சான்று. அசலை எடுக்க முடியாவிட்டால் தெளிவாகப் படம் எடுத்து நம்பகமான ஒருவரிடம் கொடுத்து வையுங்கள். வயதை நிரூபிக்க முடியாவிட்டால் எல்லாமே சிக்கலாகும். பெண்ணுக்கு 18 ஆக ஒரு வாரம் குறைந்தாலும் பையன் மேல் போக்சோ (சிறார் மீதான பாலியல் குற்றங்களுக்கான சட்டம்) வழக்கு வரும், காத்திருங்கள்.

திருமணத்துக்கு எந்தச் சட்டம் என்பதை யோசித்து முடிவு செய்யுங்கள். சிறப்புத் திருமணச் சட்டத்தில் 30 நாள் அறிவிப்பு உண்டு, அது அலுவலகப் பலகையில் ஒட்டப்படும். மதம் மாறாமல் மணக்க நினைக்கும் வெவ்வேறு மதத்தவருக்குப் பெரும்பாலும் இதுதான் வழி, ஆனால் ஆபத்தில் இருப்பவர்களுக்கு அந்த 30 நாள் நீளமானது. இருவரும் இந்துக்கள் என்றால் நான் சொன்ன 7ஏ பிரிவு கைகொடுக்கும். நண்பர்கள் முன்னால் மாலையோ மோதிரமோ மாற்றி, ஒருவரையொருவர் துணையாக ஏற்பதாகச் சொன்னால் போதும். ஊரைக் கூட்டிப் பகிரங்கமாக நடத்த வேண்டியதில்லை என்று 2023இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியிருக்கிறது. அப்புறம் பதிவு செய்துவிடுங்கள்.

அதே நாளில் காவல் கண்காணிப்பாளருக்கோ ஆணையருக்கோ எழுத்தில் மனு கொடுங்கள். உங்கள் ஊர்க் காவல் நிலையத்துக்கு நேராகப் போக வேண்டாம் என்றே சொல்வேன், அங்கே உங்கள் பெரியப்பாவைத் தெரிந்தவர்கள் இருப்பார்கள். மனுவில் யார் மிரட்டினார்கள், எந்தத் தேதி, என்ன வார்த்தை என்று எழுதுங்கள். ஒப்புகைச் சீட்டு வாங்காமல் வெளியே வராதீர்கள். 'விருப்பப்பட்டே வந்தேன்' என்று பெண் தன் குரலில் பேசிய காணொளி ஒன்று வழக்கறிஞரிடம் இருக்கட்டும். உடனடி ஆபத்தென்றால் 112, பெண்களுக்கு 181.

அவளை வீட்டில் அடைத்து வைத்துவிட்டார்கள் என்றால் அவளை நீதிபதி முன் கொண்டுவரச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போடலாம். நீதிபதி முன்னால் அவள் பேசுகிற அந்த ஐந்து நிமிடம் பல உயிர்களைக் காப்பாற்றியிருக்கிறது.

"அம்மாவுக்கு ரொம்ப முடியலை, ஒரு தடவை வந்துட்டுப் போ" என்று போன் வந்திருக்கிறது. போகலாமா?

போகாதீர்கள்.

இதை எழுதும்போது எனக்கே மனசு கனக்கிறது, ஏனென்றால் சில சமயம் அம்மாவுக்கு உண்மையிலேயே முடியாமல் இருக்கும். ஆனாலும் போகாதீர்கள். "பாட்டி சாகக் கிடக்கிறா", "அப்பா மனசு மாறிட்டாரு, ஊரறிய ரிசப்ஷன் வைக்கிறோம்", "தாய்மாமன் சீர் செய்யணும்னு நிக்கிறாரு" என்றெல்லாம் சொல்லிக் கூப்பிட்டுத்தான் கொன்றிருக்கிறார்கள். பேசுகிறவருக்கே தெரியாமல்கூட இருக்கலாம். அம்மாவை முன்னால் நிறுத்திப் பேசச் சொல்லிவிட்டுப் பின்னால் வேறு ஆள் ஏற்பாடு செய்வார்கள்.

உண்மையாகவே முடியவில்லை என்றால் மருத்துவமனையில் போய்ப் பாருங்கள், வீட்டில் பார்க்க வேண்டாம். கூட இரண்டு பேர் வரட்டும். மற்றவர் வீட்டுக் காரில் ஏறாதீர்கள். காவல் நிலையத்தில் "பேசி முடிச்சுக்கலாம்" என்று கூப்பிட்டாலும் வழக்கறிஞர் இல்லாமல் போகாதீர்கள். அங்கே பெண்ணை மட்டும் தனியாகப் பெற்றோருடன் அனுப்பச் சம்மதிக்க வேண்டாம்.

நான் அந்தக் குடும்பத்தின் உறவினர். பேச்சு ஒரு மாதிரி போகிறது. நான் ஒருவன் என்ன செய்ய முடியும்?

இந்தப் பக்கத்தில் எனக்கு மிகவும் முக்கியமான கேள்வி இது. கொலைக்கு முந்தைய நாள்களில் அந்த வீட்டுக்குள் போக முடிகிறவர் நீங்கள்தான். போலீஸால்கூட முடியாது.

பெரும்பாலான அப்பாக்கள் முதல் நாள் அழுகிறார்கள். சாப்பிடாமல் கிடக்கிறார்கள். கொல்ல வேண்டும் என்ற எண்ணத்தைக் கொண்டுவந்து போடுவது அடுத்தடுத்த நாள்களில் வருகிற சாதி சனம்தான். "இன்னும் என்ன பண்ணிட்டு இருக்க? சோத்துல உப்புப் போட்டுத்தான் திங்குறியா?" என்று ஒரு பங்காளி கேட்பார். இன்னொருவர் கல்யாணப் பத்திரிகையோடு வந்து, "உங்க வீட்டு விஷயம் முடியட்டும், அப்புறம் கூப்பிடுறோம்" என்று திரும்பிப் போவார். அந்தச் சொற்கள்தான் கூர் தீட்டுகின்றன. ஆகவே அந்த நேரத்தில் எதிர்ச்சொல் சொல்ல ஓர் ஆள் வேண்டும். "போனா போகட்டும் மாமா, நல்லா இருந்துட்டுப் போகட்டும். நான் உங்க வீட்டுக்கு வர்றதை நிறுத்தப் போறதில்ல" என்று ஒருவர் எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டால் அந்தக் கூட்டத்தின் சூடு தணிவதை நானே பார்த்திருக்கிறேன். அங்கே பெரிய தத்துவம் பேச வேண்டாம், அவரோடு உட்கார்ந்து சாப்பிடுங்கள். இரவு அவர் வீட்டிலேயே படுங்கள்.

பேச்சு அதைத் தாண்டிவிட்டது, ஆள் பார்க்கிறார்கள் என்று தெரிந்தால் யோசிக்காமல் 112க்குச் சொல்லுங்கள், அந்தப் பிள்ளைகளுக்கும் தகவல் கொடுங்கள். உறவைக் காட்டிக்கொடுத்தவன் என்பார்கள். அந்த மாமாவை ஆயுள் தண்டனையிலிருந்தும் நீங்கள் காப்பாற்றுகிறீர்கள் என்பது பின்னால் புரியலாம், புரியாமலும் போகலாம்.

நான் பெற்றவன். எனக்குத் தூக்கம் வரவில்லை. ஊர் முன்னால் தலை காட்ட முடியவில்லை. உங்களுக்கு என்ன தெரியும்?

உங்கள் வலி பொய் என்று நான் சொல்லமாட்டேன். இருபது வருடம் வளர்த்த பிள்ளை சொல்லாமல் போய்விட்டால் வலிக்கும். அவள் ஏன் சொல்லவில்லை என்பதை மட்டும் ஒருநாள் யோசித்துப் பாருங்கள். சொன்னால் என்ன ஆகும் என்று அவளுக்குத் தெரிந்திருக்கிறது.

இப்போது எந்த முடிவும் எடுக்க வேண்டாம். ஏற்றுக்கொள்ளவும் வேண்டாம், பேசவும் வேண்டாம். ஊருக்கு உங்கள் வீட்டுப் பேச்சு ஆறு மாதம்தான், அதற்குள் வேறு வீட்டில் வேறு கதை கிடைத்துவிடும். பல வீடுகளில் பேரப்பிள்ளை பிறந்த பிறகு அம்மா ரகசியமாகப் போய்ப் பார்க்கிறாள், அப்புறம் அப்பா வண்டியில் கொண்டுபோய் விட்டுவிட்டுத் தெருமுனையில் நிற்கிறார், அதற்கடுத்த பொங்கலுக்கு உள்ளே போய் உட்காருகிறார். இப்படி முடிந்த கதைகள்தான் அதிகம். அவை செய்தியில் வருவதில்லை, அதனால் உங்களுக்குத் தெரியவில்லை.

பள்ளிக்கூடத்தில் ஏதாவது செய்ய முடியுமா?

தென்மாவட்டங்களில் பிள்ளைகள் கையில் சாதிக்கொரு நிறத்தில் கயிறு கட்டிக்கொண்டு வருவதை ஆசிரியர்கள் எல்லாரும் அறிவார்கள். 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு தலித் மாணவனை அவனோடு படித்தவர்களே வீடு புகுந்து வெட்டினார்கள். அதன்பின் அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு 2024இல் தந்த அறிக்கையில் கயிறு, நெற்றிப் பொட்டு போன்ற அடையாளங்களைத் தடை செய்யச் சொன்னது. கயிற்றை அறுப்பதோடு நிறுத்தாமல், யார் அதைக் கட்டிவிட்டார்கள் என்று அந்தப் பையனிடம் அன்பாக விசாரிக்கிற ஒரு ஆசிரியர் இருந்தால் நல்லது.

கொலை நடந்த பிறகு வழக்கு என்ன ஆகிறது?

நீளும். புதுக்கூரைப்பேட்டை வழக்கில் கடலூர் நீதிமன்றத் தீர்ப்பு வர 18 வருடம் ஆனது. 2021 செப்டம்பரில் 13 பேர் குற்றவாளிகள் என்றார்கள், அதில் அன்றைய காவல் அதிகாரிகள் இருவரும் உண்டு. உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது 2025 ஏப்ரலில். உடுமலைப்பேட்டை வழக்கில் 2017இல் ஆறு பேருக்கு மரண தண்டனை வந்தது. 2020இல் உயர் நீதிமன்றம் பெண்ணின் தந்தையை விடுவித்து, மற்ற ஐவரின் தண்டனையை ஆயுளாகக் குறைத்தது. இத்தனை வருடத்தில் சாட்சிகள் சோர்ந்துபோவார்கள், பிறழ்வார்கள், ஒரே ஊரில் எதிர் வீட்டில் வாழ வேண்டியிருக்கும். அதனால் முதல் 48 மணி நேரம் முக்கியம். உடலை எரிக்க விடாமல் உடற்கூறாய்வு கேளுங்கள், அதைக் காணொளியாகப் பதியச் சொல்லுங்கள். கடைகளிலும் கோயிலிலும் உள்ள கேமரா பதிவுகள் சில நாளில் அழிந்துவிடும், உடனே எழுத்தில் கேளுங்கள்.

பிழைத்து வந்த ஒரு பெண் எங்கள் தெருவில் குடிவந்திருக்கிறாள். அவளிடம் எப்படிப் பேசுவது?

நடந்ததைக் கேட்காதீர்கள். போலீஸிடமும் நீதிமன்றத்திலும் பத்திரிகைக்காரர்களிடமும் அவள் அதை நூறு தடவை சொல்லியிருப்பாள். அவள் மறுபடி கல்யாணம் செய்துகொள்வாளா, வேலைக்குப் போவாளா என்பதெல்லாம் அவள் பாடு. யாராவது புது ஆள் வந்து அவள் வீடு எது என்று விசாரித்தால் தெரியாது என்று சொல்லிவிட்டு, வண்டி எண்ணைக் குறித்துக்கொண்டு அவளிடம் சொல்லுங்கள். மற்றபடி பக்கத்து வீட்டுக்காரர்களிடம் எப்படிப் பேசுவீர்களோ அப்படியே. தண்ணீர் லாரி வந்தால் கூப்பிடுங்கள். குழம்பு வைத்தால் ஒரு கிண்ணம் கொடுங்கள்.